சின்னச் சேவல் கூவிய கதை

ஹாலிவுட் நடிகர்கள் பத்துப் பேர் பெயர் சொல்லுங்கள் என்றால் நம்மில் யாரும் மூச்சு விடாமல் சொல்லிவிடுவோம். கனடா நாட்டு நடிகர் ஒருவர் பெயர் கேட்டால் கொஞ்சம் யோசிப்போம். கனடாவில் பிரெஞ்சு பேசுகிற நடிகர் யாராவது என்று கேட்டால்... அவ்வளவுதான், விட்டத்தைப் பார்ப்போம்!

கியூபெக் மாகாணத்தில் அப்படி ஒரு மனிதர் இருந்தார். பெயர் கிராசியன் ஜெலினா. ரேடியோ, மேடை, சினிமா, டெலிவிஷன் என்று நாலிலும் நடித்தவர். நாடகம் எழுதினார், படம் எடுத்தார், கடன் வாங்கி ஒரு தியேட்டரையும் நடத்தினார். இப்படி நாலு வேலை செய்தவர்கள் உலகத்தில் நிறையப் பேர் உண்டு. ஜெலினா செய்த காரியம் வேறு. தன் ஊர் ஜனங்கள் அடுப்படியிலும் தெருவிலும் பேசுகிற பேச்சைக் கொண்டுபோய் மேடையில் வைத்தார். அந்தப் பேச்சு மேடைக்கு ஆகாது என்று படித்தவர்கள் எல்லாரும் நினைத்துக்கொண்டிருந்த காலத்தில் வைத்தார்.

அதன் கஷ்டம் புரிய வேண்டுமென்றால் அந்த ஊர் நிலவரம் கொஞ்சம் தெரிய வேண்டும். கியூபெக்கில் பிரெஞ்சுக்காரர்கள் குடியேறியது 1600-களில். 1763-இல் அந்த நாடு பிரிட்டன் கைக்குப் போனது. அதற்குப் பிறகு ஜனத்தொகையில் பெரும்பாலோர் பிரெஞ்சு பேசினாலும் பணம், ஃபாக்டரி, பெரிய உத்தியோகம் எல்லாம் இங்கிலீஷ்காரர் பக்கம். மாண்ட்ரீல் நகரத்தில் முதலாளி இங்கிலீஷில் அதட்டுவார், தொழிலாளி பிரெஞ்சில் முணுமுணுப்பான். சரி, அந்த பிரெஞ்சுக்காவது மரியாதை இருந்ததா? இல்லை. இருநூறு முந்நூறு வருஷத்துக்கு முந்தைய பழைய சொற்களும், ஃபாக்டரியில் ஒட்டிக்கொண்ட இங்கிலீஷும் கலந்த பேச்சு அது. பாரிஸிலிருந்து வருபவர்கள் கேட்டுச் சிரிப்பார்கள். அதனால் உள்ளூர் நடிகன் மேடை ஏறினால் நாக்கைச் சுழற்றி பாரிஸ்காரன் மாதிரியே பேசுவான். நாடகம் முடிந்து கீழே இறங்கியதும் பழைய பேச்சு. இரண்டு நாக்கு வைத்துக்கொண்டு வாழ்ந்த ஜனங்கள்!

ஜெலினா பிறந்தது 1909 டிசம்பர் 8-ஆம் தேதி, சேன்-தீத் என்ற சின்ன ஊரில். வளர்ந்தது மாண்ட்ரீலில். பாதிரிமார் நடத்திய மாண்ட்ரீல் கல்லூரியில் படித்தார். நாடகப் பைத்தியம் அங்கேதான் பிடித்தது. ஆனால் வயிறு என்று ஒன்று இருக்கிறதே! ஒரு இன்ஷூரன்ஸ் கம்பெனியில் கணக்கு எழுதப் போனார். மாலையில் வணிகக் கல்லூரியில் கணக்கியல் வகுப்பு. அதுவும் முடிந்த பிறகு நாடக ஒத்திகை. பழைய மாணவர்களைச் சேர்த்து ஒரு குழு, ஊரில் இருந்த இங்கிலீஷ் குழுக்களில் சின்னச் சின்ன வேஷம், ரேடியோவில் ஒரு தொடர் என்று ஓடிக்கொண்டே இருந்தார். எட்டு வருஷம் போல இப்படியே போயிற்று. பகலில் ஷிஃப்ட் பார்த்துவிட்டு மாலையில் டிப்ளமோ படிக்கும் நம் பகுதி நேர வகுப்பு அண்ணன்மாருக்கு இது விளக்கிச் சொல்ல வேண்டியதில்லை.

1937-இல் துணிந்து அந்த வேலையை விட்டார். அந்த வருஷம் சிகேஏசி என்ற மாண்ட்ரீல் பிரெஞ்சு வானொலியில் அவருக்கு ஒரு நிகழ்ச்சி கிடைத்தது. அதில் பிறந்தவன்தான் ஃப்ரிதோலின்.

யார் இந்த ஃப்ரிதோலின்? மாண்ட்ரீலின் ஏழைப் பகுதியான கிழக்குப் பக்கத்துப் பொடியன். தலையில் தொப்பி, மேலே மாண்ட்ரீல் கனடியன்ஸ் ஹாக்கி அணியின் பனியன், கீழே அரை டிராயர், கணுக்காலில் சரிந்து கிடக்கும் சாக்ஸ், கையில் ஒரு உண்டிவில். அந்த உண்டிவில்லை விட அவன் வாய் பயங்கரம். மந்திரியிலிருந்து பக்கத்து வீட்டு மாமி வரை யாரையும் விட மாட்டான். குழந்தை பேசுவதால் கோபப்படவும் முடியாது. பேசுவதெல்லாம் அந்தத் தெருப் பேச்சு, அப்படியே.

ரேடியோவில் கேட்ட ஜனங்களுக்கு ஆளை நேரில் பார்க்க ஆசை வந்தது. 1938-இல் மான்யுமான் நாசியோனால் என்ற பழைய அரங்கத்தில் மேடை ஏறினார். அந்த வருஷத்துச் சங்கதிகளைக் கிண்டல் பண்ணி, பாட்டும் குட்டி நாடகமுமாகப் போடும் கதம்ப நிகழ்ச்சி. 1946 வரை வருஷா வருஷம் நடந்தது. எழுதுவது, நடிப்பது, ஆள் சேர்ப்பது, கணக்குப் பார்ப்பது எல்லாம் அவரே. (இன்ஷூரன்ஸ் கம்பெனி அனுபவம் வீண் போகவில்லை!) முதல் தடவை அரை டிராயர் போட்டபோது அவருக்கு 28 வயசு. கடைசியாகப் போட்டபோது 36. ஆள் சின்ன உருவம் என்பதால் பொருந்தியது என்று சொல்லலாம். ஆனால் ஒன்பது வருஷம் ஒரே பொடியனாக நின்று ஜனங்களைச் சலிக்காமல் சிரிக்க வைக்க உருவம் மட்டும் போதாது. 1943-இல் அந்த நிகழ்ச்சிக்காகவே பிரெஞ்சு இலக்கியத்தில் பேர் போன ஒரு காதல் கதையைக் கேலி பண்ணி ஒரு குறும்படம் எடுத்துத் திரையில் ஓட விட்டார். அவருடைய சினிமா அத்தியாயம் இப்படி விளையாட்டாகத்தான் ஆரம்பித்தது.

நடுவில் யுத்தம் வந்துவிட்டது. வெளிநாட்டுச் சண்டைக்குக் கட்டாயமாக ஆள் பிடிக்க மாட்டோம் என்று கியூபெக் ஜனங்களுக்கு அரசாங்கம் வாக்குக் கொடுத்திருந்தது. அந்த வாக்கிலிருந்து எங்களை விடுவியுங்கள் என்று 1942 ஏப்ரலில் நாடு முழுக்க ஓட்டு நடத்தினார்கள். மற்ற மாகாணங்கள் பெருவாரியாகச் சரி என்றன. கியூபெக்கில் நூற்றுக்கு எழுபது பேருக்கு மேல் முடியாது என்றார்கள். 1944 கடைசியில் கட்டாயப் படையினரைக் கடல் கடந்து அனுப்பவும் செய்தார்கள். வீட்டுக்கு வீடு இதே பேச்சு. ஜெலினா 1945 நிகழ்ச்சியில் பட்டாளத்துக்குப் புறப்படும் ஒருவனைப் பற்றிச் சின்ன நாடகம் ஒன்று போட்டார். அடுத்த வருஷம் அவன் திரும்பி வரும் நாடகம். சிரிக்க வந்த கூட்டம் கண்ணைத் துடைத்துக்கொண்டு போனது. இரண்டு துண்டுகளையும் வைத்துக்கொண்டு உட்கார்ந்து முழு நாடகம் எழுதினார். அதுதான் ‘தி-கோக்’. சின்னச் சேவல் என்று அர்த்தம். 1948 மே 22-ஆம் தேதி அதே மான்யுமான் நாசியோனாலில் அரங்கேறியது.

கதையைச் சொல்லத்தான் வேண்டும். தி-கோக் ஒரு சாதாரண சிப்பாய். அப்பன் பேர் தெரியாமல் பிறந்து கன்னியாஸ்திரீகளின் அநாதை ஆசிரமத்தில் வளர்ந்தவன். சேவல் மாதிரியே விறைப்பு, சீண்டினால் பாய்வான். கூட இருக்கும் சிப்பாய் ழான்-போல் ஒரு நாள் சண்டையில் அவனுடைய பிறப்பைச் சொல்லித் திட்டிவிடுகிறான். எத்தனையோ வசவு கேட்டவனுக்கு இது மட்டும் தாங்கவில்லை. ஏனென்றால் இது ஒன்றுதான் உண்மை. அடிதடி. இரண்டு பேரையும் பட்டாளத்துப் பாதிரியார் முன்னால் நிறுத்துகிறார்கள். கிறிஸ்துமஸ் லீவில் போக வீடில்லாத அவனை, கடைசியில் அதே ழான்-போல் தன் கிராமத்துக்குக் கூட்டிப் போகிறான்.

அங்கே ஒரு குடும்பம்! அப்பா, அம்மா, அத்தை, சாப்பாட்டு மேஜை, கூச்சல், பாட்டு. அவன் வாழ்நாளில் பார்க்காத காட்சி. ழான்-போலின் தங்கை மரி-ஆன்ஜ் மேல் மனசு போகிறது, அவளுக்கும் அப்படியே. நன்றாகக் கவனித்தால், அவன் அந்தப் பெண்ணை மட்டும் காதலிக்கவில்லை. அந்த மேஜையைச் சுற்றி உட்கார்ந்திருக்கும் அத்தனை பேரையும் சேர்த்துக் காதலிக்கிறான்.

இங்கிலாந்துக்குப் போகும்படி உத்தரவு வருகிறது. கல்யாணம் பண்ணிக்கொண்டே போகலாம். பண்ணிக்கொள்ள மாட்டேன் என்கிறான். தான் இல்லாத நேரத்தில் தன் பிள்ளை பிறக்கக் கூடாது; தான் செத்துவிட்டால் அதுவும் அப்பன் முகம் தெரியாமல் வளருமே என்ற பயம். கப்பலில் பாதிரியாரிடம் தன் ஆசையைச் சொல்லும் இடம் ஒன்று உண்டு. ராஜ்யம் கேட்கவில்லை, பணம் கேட்கவில்லை. ஒரு ஞாயிற்றுக்கிழமை சாயங்காலம், டிராம் வண்டியில், கையில் குழந்தை, பக்கத்தில் மனைவி, சொந்தக்காரர் வீட்டுக்குப் போய்க்கொண்டிருக்க வேண்டும்... இவ்வளவுதான் அவன் கேட்பது. வழியில் யார் பார்த்தாலும் இவனும் நம்மைப் போல ஒருவன் என்று கவனிக்காமல் போக வேண்டும். கியூபெக்கில் அந்தக் காட்சியை மனப்பாடமாகச் சொல்பவர்கள் ஒரு தலைமுறை முழுக்க இருந்தார்கள்.

அவன் யுத்தத்தில் இருக்கும்போது தனிமை தாங்காமல், வீட்டார் நச்சரிப்பும் சேர, மரி-ஆன்ஜ் வேறொருவனைக் கட்டிக்கொள்கிறாள். திரும்பி வந்தவன் கொதிக்கிறான். அவளுக்கும் மனசு இவன் பக்கம்தான். ஓடிப் போய்விடலாமா என்று இருவரும் தவிக்கிறார்கள். அப்போது பாதிரியார் ஒரு கணக்குப் போட்டுக் காட்டுகிறார். அந்த ஊரில் அன்று விவாகரத்து என்பது சாமானியனுக்கு நடக்காத காரியம். 1968 வரைக்கும் கியூபெக்கில் ஒருவர் விவாகரத்து வாங்க ஒட்டாவா பார்லிமென்டுக்கே போக வேண்டியிருந்தது! அப்படியானால் இவர்களுக்குப் பிறக்கும் பிள்ளைக்கும் தி-கோக்குக்குக் கிடைத்த அதே பட்டம்தான் கிடைக்கும். அவன் ஆசைப்பட்ட அந்த வீட்டு வாசலிலும் கால் வைக்க முடியாது. சேவல் தனியாகவே புறப்பட்டுப் போகிறது.

அந்தப் பாதிரியார் பேச்சில் எனக்கு முழுச் சம்மதம் இல்லை. குற்றம் சட்டத்தின் மேல் இருக்க, பழியைச் சுமப்பது அந்தப் பையன். ஆனால் ஜெலினா யாரையும் வில்லனாக்கவில்லை என்பதைக் கவனிக்க வேண்டும். சபையையும் திட்டவில்லை, துதிக்கவும் இல்லை. நடந்ததை நடந்தபடி வைத்துவிட்டு விலகி நிற்கிறார். பார்த்தவர்கள் வீட்டுக்குப் போய்ச் சண்டை போட்டுக்கொண்டிருப்பார்கள் என்று நினைக்கிறேன்.

எழுதியது, மேடையேற்றியது, தி-கோக்காக நடித்தது எல்லாம் ஜெலினாவே. பிரெஞ்சு, இங்கிலீஷ் இரண்டிலும் சேர்த்து 500 காட்சிக்கு மேல் ஓடியது. கனடாவில் உள்ளூர்க்காரர் எழுதிய நாடகம் இப்படி ஓடும் என்று அதற்கு முன்னால் யாரும் நினைத்ததில்லை. 1949-இல் மாண்ட்ரீல் பல்கலைக்கழகம் கௌரவ டாக்டர் பட்டம் கொடுத்தது. பட்டம் வாங்கிய கையோடு அவர் பேசிய பேச்சு முக்கியமானது. பாரிஸ் நாடகம் எவ்வளவு உயர்ந்ததாக இருந்தாலும் அது இன்னொருவர் வீட்டுக் கண்ணாடி; சுமாராக இருந்தாலும் நம் வீட்டுக் கண்ணாடியில்தான் நம் முகம் தெரியும் என்கிற பொருளில் பேசினார். பண்டிதர்கள் நிறைந்த சபையில், அவர்கள் தலையில் தூக்கி வைத்துக்கொண்டிருந்த விஷயத்துக்கு எதிராகவே! நெஞ்சழுத்தம்தான்.

இங்கிலீஷ் வடிவம் மாண்ட்ரீலிலும் டொராண்டோவிலும் நன்றாகவே போனது. அந்தத் தைரியத்தில் 1951 பிப்ரவரியில் நியூயார்க் பிராட்வேக்குக் கொண்டுபோனார். மூன்றே மூன்று காட்சி. மூட்டை கட்டிவிட்டார்கள். காரணம் என்னவென்று ஆளுக்கு ஒன்று சொல்லலாம். எனக்குப் படுவது இது. நியூயார்க்காரனுக்கு அந்தக் கதையில் பூட்டே இல்லை. விவாகரத்து வாங்கிக்கொண்டு வேறு கல்யாணம் பண்ணிக்கொள்ள வேண்டியதுதானே என்று கேட்கிறவனுக்கு அந்த அழுகை எப்படிப் புரியும்? பேச்சும் போய்விட்டது. தெருப் பேச்சிலிருந்து பிறந்த ஒருவனை இன்னொரு மொழியில் பேச வைத்தால் சேவலில் பாதி பறந்துவிடுகிறது. ஜெலினாவுக்குப் பண நஷ்டமும் மன வருத்தமும் இல்லாமல் இருந்திருக்காது. ஆனால் ஊர் திரும்பிய மனிதர் அடுத்து செய்தது, அதே கதையை அதே பேச்சில் சினிமாவாக எடுப்பது!

சினிமா என்றால் கியூபெக்கில் அப்போது சுலபமில்லை. 1927 ஜனவரியில் மாண்ட்ரீலில் லாரியே பேலஸ் என்ற தியேட்டரில் தீப்பிடித்து 78 குழந்தைகள் இறந்தார்கள். ஏற்கெனவே சினிமாவைப் பிடிக்காத மதகுருமார்களுக்கு அது காரணமாயிற்று. 16 வயசுக்குக் கீழே உள்ளவர்கள் தியேட்டருக்குள்ளேயே வரக் கூடாது என்று அடுத்த வருஷம் சட்டம் வந்தது. உள்ளூரில் படம் எடுப்பது என்ற பேச்சே யுத்த காலத்தில்தான் சூடு பிடித்தது. 1944-லிருந்து பத்து வருஷத்தில் சுமார் இருபது படங்கள் வந்தன. பெரும்பாலும் கண்ணீர்க் காவியங்கள்.

‘தி-கோக்’ படம் வந்தது 1953-இல். ரெனே தெலாக்ரோவா என்பவரோடு சேர்ந்து ஜெலினா இயக்கினார். நாடகத்தில் மரி-ஆன்ஜாக நடித்த மூரியல் கில்போ 1952-இல் இறந்துவிட்டதால் படத்தில் மோனிக் மில்லர் என்ற இளம்பெண் நடித்தார். பெண்ணின் அப்பாவாக ஃப்ரெட் பாரி. பாதிரியாராக வந்தவர் போல் துபுயி. இவர் கதை தனிக் கதை. யுத்தச் செய்தி சொல்ல லண்டன் போன கனடா வானொலிக்காரர், அங்கேயே பிரிட்டிஷ் படங்களில் கதாநாயகன் ஆகி, ‘பாஸ்போர்ட் டு பிம்லிகோ’ போன்ற படங்களில் நடித்துவிட்டு ஊர் திரும்பியிருந்தார். வெளியே போய்ப் பேர் வாங்கிய நடிகரும், உள்ளூரிலேயே நின்று பேர் வாங்கிய நடிகரும் ஒரே சட்டத்துக்குள் எதிரெதிரே உட்கார்ந்து பேசுவதைப் பார்க்க ஒரு தனி சுவாரஸ்யம்.

படத்தில் மேடை வாசனை உண்டு, மறுப்பதற்கில்லை. பேச்சு அதிகம். தி-கோக்காக நடிக்கும்போது ஜெலினாவுக்கு வயசு 40-ஐத் தாண்டிவிட்டது. ஆனாலும் கிறிஸ்துமஸ் வீட்டுக்குள் அவன் நுழைகிற இடத்தைச் சொல்ல வேண்டும். வசனத்தில் இல்லாததை முகத்தில் வைத்திருக்கிறார். அந்த வருஷம் கனடாவின் சிறந்த படம் என்ற விருது கிடைத்தது. ஜனங்களும் கூட்டமாகப் போய்ப் பார்த்தார்கள்.

அப்படியானால் அடுத்து அடுத்து படம் எடுத்திருப்பாரே என்று நினைப்பீர்கள். அங்கேதான் விதி. 1952 செப்டம்பரில் மாண்ட்ரீலில் டெலிவிஷன் வந்துவிட்டது. வீட்டுக்குள்ளேயே இலவசமாக நாடகம்! 1954-க்குள் அந்தக் குட்டி சினிமா உலகம் சுருண்டு படுத்துவிட்டது. ஜெலினாவும் கொஞ்ச காலம் டெலிவிஷன் தொடர் எழுதி நடித்தார். 1956-இல் ஸ்ட்ராட்ஃபோர்ட் விழாவில் ஷேக்ஸ்பியரின் ‘ஐந்தாம் ஹென்றி’யில் பிரெஞ்சு அரசராக வேஷம். இங்கிலீஷ் அரசராகக் கிறிஸ்டோஃபர் ப்ளம்மர். பிரெஞ்சுக்காரர் வேஷங்களுக்கெல்லாம் கியூபெக் நடிகர்களையே போட்டார்கள், நல்ல யோசனை.

பிறகு தியேட்டர் மோகம். மாண்ட்ரீல் சேன்ட்-கேத்தரின் வீதியில் ‘கெயிட்டி’ என்று ஒரு பழைய அரங்கம், ஒரு காலத்தில் கவர்ச்சி நடனத்துக்குப் பேர் போனது. அதைப் பிடித்துப் புதுப்பித்து 1958 பிப்ரவரியில் ‘கொமெதி-கனாதியன்’ என்ற பெயரில் திறந்தார். பண உதவி செய்தது ஒரு பீர் கம்பெனி. உள்ளூர் எழுத்தாளர்களின் நாடகங்களைப் போட வேண்டும் என்பது லட்சியம். உள்ளூரில் அத்தனை நாடகம் எழுத ஆள் வேண்டுமே! வருஷம் முழுக்க அரங்கத்தை நிரப்பத் திண்டாடினார். பாட்டுக் கச்சேரிகளுக்கும் விட வேண்டியிருந்தது. 1972-இல் அது வேறொரு நாடகக் குழுவின் கைக்குப் போனது.

ஆனால் அந்த மேடையில் 1959-இல் போட்ட ‘பூசீயும் நீதிமான்களும்’ ஒன்றுக்காகவே அந்தச் செலவு தகும். ஒரு கொலை வழக்கு. கௌரவமான, தினமும் ஜெபம் பண்ணுகிற ஒரு குடும்பத்தின் பையன் குற்றவாளிக் கூண்டில். நடந்ததைப் பார்த்தவன் பூசீ என்ற வெகுளி. பொய் சாட்சி சொல்லச் சொல்கிறார்கள். மாட்டேன் என்கிறான். அவனுக்கு ஏற்கெனவே அடிபட்ட கால். அந்தக் காலைப் பிடித்து முறுக்கியே சம்மதிக்க வைக்கிறார்கள். பொய் சத்தியம் பண்ணிவிட்ட வேதனையில் அவன் தூக்குப் போட்டுக்கொள்கிறான். பூசீயாக நடித்தது ஜெலினா. 1948-இல் விலகி நின்ற மனிதர் இதில் நேராகவே குத்துகிறார்.

அறுபதுகளின் கடைசியில் புதுத் தலைமுறை வந்தது. மிஷெல் த்ரம்ப்ளே என்ற இளைஞர் 1968-இல் போட்ட நாடகத்தில் பெண்கள் பேசிய கொச்சைக்கு முன்னால் தி-கோக் பேசுவது பாடப் புத்தகம் போல ஆகிவிட்டது. ஜெலினா பழைய ஆள் என்றார்கள். போகட்டும். ரோடு போட்டவனைப் பார்த்து மெதுவாக நடக்கிறாய் என்பது போலத்தான் இது. அவரும் வம்புக்குப் போகவில்லை. 1969-லிருந்து 1978 வரை, கனடாவில் படம் எடுப்பவர்களுக்குப் பணம் கொடுத்து உதவும் அரசு நிறுவனத்தின் தலைவராக உட்கார்ந்து, தனக்குக் கிடைக்காத வசதியை இளைஞர்களுக்குக் கொடுத்துக்கொண்டிருந்தார்.

நம் பாலிடெக்னிக் வாசகர்கள் கவனிக்க: 1986-இல், 76 வயசில், அவர் தானே எழுதி நடித்த கடைசி நாடகத்தின் கதாநாயகன் ஒரு ரிட்டையர்டு பிளம்பர்! ஒரு விதவை அம்மாளைக் கல்யாணம் பண்ணிக்கொள்ளச் சுற்றிச் சுற்றி வரும் நர்சிஸ் மோந்து. அந்த அம்மாளாக நடித்தது ஜெலினாவின் இரண்டாவது மனைவி ஊகெத் ஒலிஞி. இருவருமாக ஊர் ஊராகப் போய்ப் போட்டார்கள். அதற்கு முந்திய வருஷம்தான் ‘ஆக்னஸ் ஆஃப் காட்’ என்ற ஹாலிவுட் படத்தில் வயதான பாதிரியாராக ஒரு சின்ன வேஷம் செய்திருந்தார்.

1988-இல் வந்த ‘லே திஸ்ஸரான் து பூவ்வார்’ படத்தில் அவருக்குப் பாப்தீஸ்த் லாம்பேர் என்ற கிழவர் வேஷம். கியூபெக்கிலிருந்து பிழைப்புத் தேடி அமெரிக்காவின் ரோட் ஐலண்டுக்குப் போய் நூல் மில்லில் உழைத்த கூட்டத்தைச் சேர்ந்தவர். பேரப்பிள்ளைகள் காலத்தில் அங்கே பிரெஞ்சு தேய்ந்துபோகிறது. டெலிவிஷனில் வந்துகொண்டிருந்த பிரெஞ்சு நிகழ்ச்சியையும் நிறுத்திவிடுகிறார்கள். கிழவர் நேராகப் பழைய மில்லுக்குள் போய்க் கதவை அடைத்துக்கொண்டு, நிகழ்ச்சியைத் திரும்பப் போடாவிட்டால் கட்டடத்தையே தகர்த்துவிடுவேன் என்று உட்கார்ந்துவிடுகிறார். 78 வயசு நடிகர். உண்டிவில் ஒன்றுதான் கையில் இல்லை.

1999 மார்ச் 16-ஆம் தேதி, 89-ஆவது வயசில் காலமானார். 1960-இல் கனடாவின் தேசிய நாடகப் பள்ளியை ஆரம்பித்தவர்களில் அவரும் ஒருவர். ஃப்ரிதோலினும் தி-கோக்கும் மேடை ஏறிய மான்யுமான் நாசியோனால் அரங்கம் பிற்பாடு அந்தப் பள்ளிக்கே சொந்தமாயிற்று. 1893-இல் கட்டிய கட்டடத்தைப் பழுது பார்த்து 1993-இல் மறுபடி திறந்தார்கள். பள்ளி மாணவர்கள் இன்றைக்கும் அங்கே நாடகம் போடுகிறார்கள், இங்கிலீஷிலும் பிரெஞ்சிலும்.